பழைய கல்லைக் காட்ட ஆள் வேண்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

கன்னியாகுமரிக்கு வரும் கூட்டத்தைப் பற்றி உங்கள் நாளிதழில் அடிக்கடி செய்தி வருகிறது. விவேகானந்தர் பாறைக்கும் வள்ளுவர் சிலைக்கும் நடுவே 77 மீட்டர் நீளக் கண்ணாடிப் பாலத்தை 2024 டிசம்பர் கடைசியில் திறந்த பிறகு படகுத்துறை வரிசை இன்னும் நீண்டிருக்கிறது. சந்தோஷம்தான். வருகிறவர்கள் பாலத்தில் நடக்கிறார்கள், சூரியன் மறைவதைப் பார்க்கிறார்கள், சிப்பி மாலை வாங்குகிறார்கள், பஸ் ஏறிப் போய்விடுகிறார்கள். வள்ளுவரின் காலடியில் நின்று படம் எடுத்துக்கொள்கிற எத்தனை பேருக்குப் பீடம் ஏன் 38 அடி, சிலை ஏன் 95 அடி என்று தெரியும்? அறத்துப்பாலில் 38 அதிகாரம். பொருளும் இன்பமும் சேர்ந்தால் 95. பக்கத்தில் நின்று சொல்ல ஒருவர் இருந்தால் அரை நிமிடத்தில் விளங்கிவிடும். பிறகு அந்தச் சிலையைப் பார்க்கும் பார்வையே மாறிவிடும்.

அப்படிச் சொல்லிக் காட்டத் தெரிந்தவர்கள் நம் மாவட்டத்தில் போதாது. அவர்களை உருவாக்க வேண்டும், அவர்கள் பின்னால் சின்னச் சின்னக் குழுவாக மக்களை அனுப்ப வேண்டும் என்று கேட்கத்தான் இந்தக் கடிதத்தை எழுதுகிறேன்.

நான் மயிலாடியில் கல்வேலை செய்பவன். அப்பாவுக்கும் தாத்தாவுக்கும் இதே தொழில்தான். எங்கள் ஊர்ப் பக்கம் வந்தவர்களுக்குத் தெரியும், ரோட்டோரக் கொட்டகைகளில் காலையிலேயே உளிச் சத்தம் கேட்கும். இப்போது அதோடு கட்டிங் மிஷின் இரைச்சலும் சேர்ந்துகொண்டது. என் மகள் ரோம் நகரத்தில் நர்ஸ் வேலை பார்க்கிறாள். அவள்தான் என்னையும் அவள் அம்மாவையும் அங்கே வரவழைத்தாள். “அப்பா, நீங்க பார்க்க வேண்டியது இங்க சர்ச்சுகளை விட அதிகமா இடிஞ்ச கட்டடம்தான்” என்று சொல்லி, பழைய ரோமானிய இடிபாடுகளைச் சுற்றிக் காட்டும் ஒரு சிறு குழுப் பயணத்தில் பெயர் கொடுத்துவிட்டாள். குழுவுக்குப் பன்னிரண்டு பேருக்கு மேல் கிடையாது. கொலோசியத்துக்கான சீட்டில் அவரவர் பெயர் அச்சாகியிருக்கும். வாசலில் பாஸ்போர்ட்டைக் காட்டி, எந்த நேரம் போட்டிருக்கிறதோ அந்த நேரத்தில்தான் உள்ளே போகலாம். இடித்துப் பிடித்து நுழைய வழியே இல்லை.

எங்களை அழைத்துப் போனவர் ஒரு அம்மா. தொல்லியல் படித்தவர். கழுத்தில் அரசாங்க உரிம அட்டை தொங்கியது. இத்தாலியில் நினைத்தவரெல்லாம் சுற்றுலா வழிகாட்டி ஆகிவிட முடியாது, தேர்வு எழுதித் தேற வேண்டும். 2023இல் அதற்கென்று நாடு முழுமைக்கும் ஒரு சட்டமே போட்டார்கள். எங்கள் ஒவ்வொருவர் கழுத்திலும் சின்ன ரேடியோப் பெட்டி ஒன்றை மாட்டி, ஒரு காதில் செருகிக்கொள்ளக் கொடுத்தார். அதனால் அவர் கத்தவே இல்லை. பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற குரலிலேயே பேசினார். எனக்கு ஒரு காதில் அவர் ஆங்கிலம், மறு காதில் மகளின் தமிழ்.

கொலோசியத்தின் உள்ளே போவதற்கு முன்பே வெளியே வெகு நேரம் நிறுத்தி வைத்தார். வளைவுகளின் தலையில் பாருங்கள் என்றார். ஒவ்வொரு வளைவுக்கு மேலும் எண் வெட்டியிருக்கிறது. மொத்தம் 80 வளைவுகளில் 76க்கு எண் போட்டிருந்தார்களாம். இப்போது நிற்கும் பக்கத்தில் 23 முதல் 54 வரை மிச்சம். சீட்டில் என்ன எண்ணோ அந்த வாசல் வழியாக ஏறி, அதே வழியாக இறங்க வேண்டும். ஐம்பதாயிரம் பேர் உட்காரும் இடத்தில் கூட்டத்தை நெரிசல் இல்லாமல் நகர்த்த கி.பி. 80இலேயே இந்த ஏற்பாடு. ரோமப் பேரரசர் வெஸ்பாசியன் தொடங்கிய வேலையை மகன் டைட்டஸ் முடித்துத் திறந்துவைத்த வருடம் அது.

அடுத்து அவர் காட்டியது சுவரில் உள்ள துளைகளை. கட்டடம் முழுக்க அம்மை வடு மாதிரி துளை. படத்தில் பார்த்தபோது நானும் ஏதோ சண்டையில் குண்டு பட்ட இடம் என்றே நினைத்திருந்தேன். விஷயம் வேறு. ரோமுக்கு முப்பது கிலோமீட்டர் தள்ளியிருக்கும் திவோலியிலிருந்து டிராவர்டைன் என்ற கல்லை வெட்டி வந்து, சாந்து இல்லாமல் கல்லோடு கல் சேர்த்திருக்கிறார்கள். உள்ளே இரும்புப் பட்டையால் கவ்வி, ஈயத்தைக் காய்ச்சி ஊற்றி இறுக்கியிருக்கிறார்கள். அந்த இரும்பு மட்டும் 300 டன் இருக்கும் என்று கணக்குச் சொல்கிறார்கள். பிற்காலத்தில் இரும்புக்குத் தட்டுப்பாடு வந்தபோது, ஒவ்வொரு மூட்டாகத் தோண்டி அதை எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். அந்தக் காயம்தான் துளை. 1349ஆம் வருட நிலநடுக்கத்தில் தெற்குப் பக்கம் சரிந்தது. விழுந்த கல்லை அள்ளிப் போய் ஊரில் வேறு கட்டடம் கட்டிக்கொண்டார்கள்.

எங்கள் கோயில் வேலையிலும் சாந்து இல்லாமல் கல்மேல் கல் ஏற்றுவோம். அதனால் எனக்கு அந்தத் துளைகளை விட்டு நகர மனம் வரவில்லை. எந்த உயரத்தில், மூட்டிலிருந்து எவ்வளவு தள்ளித் துளை இருக்கிறது என்று பார்த்தாலே உள்ளே பட்டை எப்படிப் படுத்திருந்தது என்று ஊகிக்க முடிந்தது. நான் நின்றதைப் பார்த்துவிட்டு அந்த அம்மா, இவர் என்ன தொழில் செய்கிறார் என்று மகளிடம் கேட்டார். கல்வேலை என்றதும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. அதற்குப் பிறகு ஒவ்வொரு இடத்திலும் என் பக்கம் திரும்பி ஒரு கேள்வி. ஐம்பது பேரை மேய்க்கிற வழிகாட்டிக்கு இது முடியுமா? எங்களைத் தாண்டி அப்படிப் பெரிய கூட்டங்கள் போய்க்கொண்டே இருந்தன. முன்னால் ஒருவர் கொடியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடக்க, பின்னால் வந்தவர்களில் பாதிப் பேர் கைப்பேசியில் இருந்தார்கள்.

உள்ளே களத்தின் தரை போய்விட்டதால், அடியில் இருந்த அறைகளும் நடைகளும் திறந்து கிடக்கின்றன. மிருகங்களைக் கூண்டோடு மேலே தூக்க ஆட்கள் உருளையைச் சுற்றித் திருப்பிய இடங்களைக் காட்டினார். அங்கே என்ன நடந்தது என்பதை அவர் பூசி மெழுகவில்லை. மனிதனை மனிதன் கொல்வதைப் பார்க்க அத்தனை பேர் கூடியிருக்கிறார்கள். இவ்வளவு நுணுக்கமான கல்வேலை இதற்காகவா செய்யப்பட்டது என்று எனக்கு நெஞ்சு கனத்தது. அதையும் மகள் மூலம் சொன்னேன். அவர் தலையசைத்து, கட்டியவர்களிலும் அடிமைகள் நிறைய என்றார். பழமை என்றாலே பெருமை என்று மட்டும் பேசுவது நம் வழக்கம். இப்படியும் பேசலாம், பேச வேண்டும்.

ஃபோரம் என்கிற பழைய நகரத்தின் நடு இடத்துக்கு அங்கிருந்து நடந்தே போனோம். வழியில் தெருக்குழாய். வாய் வளைந்து எந்நேரமும் தண்ணீர் விழுந்துகொண்டிருக்கும். ரோம் நகரம் முழுக்க இப்படிக் குடிதண்ணீர்க் குழாய் உண்டு. பாட்டிலை நிரப்பிக்கொள்ளுங்கள், உள்ளே வெயில் கடுமை என்று நினைவுபடுத்தி அழைத்துப் போனார்.

டைட்டஸ் வளைவின் உட்பக்கத்தில் ஒரு புடைப்புச் சிற்பம் இருக்கிறது. கி.பி. 70இல் எருசலேம் ஆலயத்தைச் சூறையாடி, ஏழு கிளை விளக்கைத் தோளில் தூக்கி வருகிற வீரர்கள். முன்னால் நடக்கிறவன் உருவம் நன்றாகப் புடைத்தும், பின்னால் நிற்கிறவன் தலை மேலோட்டமாகவும் வெட்டப்பட்டிருக்கிறது. நாலு விரல் ஆழத்துக்குள் ஒரு ஊர்வலமே போகிறது. அதைவிட என்னை நிறுத்தியது அந்த வளைவைப் பழுது பார்த்த விதம். 1820களின் தொடக்கத்தில் வலாடியே என்ற கட்டடக் கலைஞர் அதைச் சரி செய்தார். பழைய பகுதி பளிங்கு. உடைந்துபோன பகுதிகளை அவர் டிராவர்டைன் கல்லில், பூவேலை எதுவும் இல்லாமல் வெறுமையாக வைத்தார். எது பழசு, எது புதுசு என்று யாருக்கும் சந்தேகம் வரக் கூடாது என்பதற்காக. வழிகாட்டி விரல் நீட்டிக் காட்டும் வரை எனக்கே அது கண்ணில் படவில்லை. காட்டிய பிறகு அதை மட்டும்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நம் பக்கம் திருப்பணி என்ற பெயரில் பழைய தூணுக்கு மணல் பீய்ச்சி அடிக்கிறார்கள். அழுக்கோடு சேர்ந்து கல்லின் மேல்தோலும் போய்விடுகிறது. உளித் தடம் போய்விடுகிறது, எழுத்து மழுங்கிவிடுகிறது. போன எழுத்தை எந்தச் சிற்பியாலும் திருப்பிக் கொண்டுவர முடியாது. கல்லில் கை வைத்துப் பிழைப்பவன் என்ற உரிமையில் சொல்கிறேன், இதை நிறுத்த வேண்டும்.

ஃபோரத்தில் அன்டோனினஸ் – ஃபவுஸ்டினா கோயில் இருக்கிறது. முகப்பில் பச்சைக் கோடு ஓடும் பளிங்குத் தூண்கள். ஒவ்வொன்றும் ஒரே கல், 17 மீட்டர் உயரம். தூண்களின் மேல்பகுதியில் சாய்வாக வரி வரியாகப் பள்ளம் விழுந்திருக்கிறது. கயிறு கட்டி இழுத்துச் சாய்க்கப் பார்த்த தடம் என்கிறார்கள். அந்தக் கோயில் பிறகு தேவாலயமாக மாறிவிட்டது. அதன் கதவு இப்போது எட்டாத உயரத்தில் தொங்குகிறது. கதவு வைத்த காலத்தில் மண் அவ்வளவு உயரத்துக்கு மூடியிருந்தது. அந்த மேட்டில்தான் மாடு மேய்ந்தது. தோண்டி எடுத்த பிறகு கதவு அந்தரத்தில் நிற்கிறது.

அங்கே நடைபாதை ஓரத்தில் உடைந்த கற்கள் வரிசையாகக் கிடந்தன. ஒன்றின் பக்கத்தில் வழிகாட்டி குனிந்து, “இதை உங்கள் அப்பாவிடம் கேளுங்கள், என்ன உளி?” என்று மகளிடம் சொன்னார். நானும் குனிந்து பார்த்தேன். முகப்புப் பக்கத்தில் இணை இணையாக மெல்லிய கோடுகள், பல் உளி போன தடம். இலைச் சுருளின் உள்மூலைகளில் உருண்டைத் துளைகள். அது உளி இல்லை, துளை போட்டுப் பிறகு சுற்றி எடுத்தது. பின்பக்கம் கூர் உளியின் கொத்து மட்டும், கரடாக அப்படியே. சுவரோடு ஒட்டுகிற பக்கத்தை யார் இழைப்பார்கள்? மயிலாடியிலும் இழைக்க மாட்டோம். கல்லின் மேல் நடுவில் ஒரு குழி இருந்தது. வாய் குறுகி அடி அகன்றிருந்தது. அது எதற்கென்று எனக்குப் பிடிபடவில்லை. அவர் விளக்கினார். இரண்டு சரிந்த இரும்புத் துண்டுகளை முதலில் உள்ளே இறக்கி, நடுவில் மூன்றாவதைச் செருகினால் இரும்பு உள்ளே அகன்று மாட்டிக்கொள்ளும். அதில் வளையம் போட்டுக் கல்லைத் தூக்குவார்கள். கல்லைச் சுற்றிக் கயிறு போட வேண்டியதில்லை, அதனால் பக்கத்துக் கல்லோடு நெருக்கி இறக்கலாம். நாங்கள் செயின் பிளாக்கும் கயிறுமாக மல்லுக்கட்டுகிற வேலை. குழுவில் இருந்த மற்றவர்களும் சுற்றி நின்று கல்லையும் என் கையையும் மாறி மாறிப் பார்த்தார்கள். ஒரு இளைஞர் என் கையைத் தொட்டு, உளி பிடித்துக் காய்ச்சுப் போன இடத்தைப் பார்த்தார்.

மாக்சென்டியஸ் மண்டபத்தின் பெரிய வளைவுகளுக்கு அருகில் வந்தபோது, இதற்கு அடியில் பேரரசர் டொமிஷியன் காலத்து மிளகுக் கிடங்குகள் இருந்தன என்றார். இந்தியாவிலிருந்து வந்த மிளகு. ஒரு ராத்தல் கருமிளகு நாலு தெனாரியஸ் காசு என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதி வைத்திருக்கிறார். வருடம் ஐந்து கோடி செஸ்டர்ஸ் நாணயம் இந்தியாவுக்குப் போகிறது என்று அவருக்கு ஒரே வருத்தம். மகளுக்குச் சும்மா இருக்க முடியவில்லை. கல்லூரியில் படித்ததை எடுத்துவிட்டாள். பிளினி வாழ்ந்த அதே முதல் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட கடல்வழிக் குறிப்பான பெரிப்ளுசில் எங்கள் குமரி வருகிறது, அங்கே ஒரு துறைமுகம், அங்கே ஆண்களும் பெண்களும் வந்து நீராடி நோன்பிருக்கிறார்கள், ஒரு தேவி அங்கே நீராடியதாகச் சொல்கிறார்கள் என்று எழுதியிருக்கிறது என்றாள். நாங்கள் அந்தக் குமரியிலிருந்து வருகிறோம் என்றாள். அந்த அம்மா கையிலிருந்த குறிப்பேட்டில் அதை எழுதிக்கொண்டார். அடுத்த குழுவுக்குச் சொல்வேன் என்றார். குலசேகரம், பேச்சிப்பாறைப் பக்கம் இன்றைக்கும் மிளகுக் கொடி படருகிறது, அதையும் சொல்லுங்கள் என்றேன்.

பாலத்தீன் மேட்டில் அரண்மனைச் சுவர்கள் நிறைய. கால் ஓய்ந்துவிட்டதால் நாங்கள் நிழலில் உட்கார்ந்துவிட்டோம். எங்களோடு அந்த அம்மாவும் நின்றார். பன்னிரண்டு பேர் என்றால் காத்திருக்கலாம்.

அப்புறம் ஒரு நாள் மகளே பாந்தியனுக்குக் கூட்டிப் போனாள். பேரரசர் ஹாட்ரியன் காலத்துக் கோயில். கம்பி இல்லாத கான்கிரீட்டில் 43 மீட்டர் அகலக் கூரையை நிறுத்தியிருக்கிறார்கள் என்று எல்லாரும் மேலே அண்ணாந்து பார்க்கிறார்கள். எனக்கு வாசலிலேயே கண் நின்றுவிட்டது. 16 தூண், அத்தனையும் நம் கல் ஜாதி, கருங்கல் வகை. ஒவ்வொன்றும் ஒரே கல்லில் கிட்டத்தட்ட 12 மீட்டர், 60 டன். எகிப்துப் பாலைவனத்தில் வெட்டி, நூறு கிலோமீட்டருக்கு மேல் தரையில் இழுத்து நைல் நதிக்குக் கொண்டுவந்து, கப்பலில் ஏற்றிக் கடல் தாண்டி ரோமுக்கு. செந்நிறத் தூண்கள் அஸ்வானிலிருந்து. பளிங்கில் வேலை செய்வது வேறு, இந்தக் கல்லில் வேலை செய்வது வேறு. இரும்பை இது தின்னும். ஒரு நாளில் எத்தனை உளி முனை மழுங்கும் என்று எனக்குத் தெரியும். மறுபடி உலையில் வைத்துத் தட்டிக் கூர்மையாக்கி மறுபடி அடிக்க வேண்டும். அந்தத் தூண்களை இழைத்தவர்கள் யாரோ, அவர்கள் கையை நினைத்துக் கும்பிட்டேன்.

சரி, நம் ஊர்க் கதைக்கு வருகிறேன். சில காலம் முன்பு பேரனை அழைத்துக்கொண்டு பழைய கோயில் ஒன்றுக்குப் போயிருந்தேன். பெயர் வேண்டாம். ஒரு சுற்றுலா பஸ்ஸில் வந்த அறுபது எழுபது பேரை ஒருவர் மண்டபத்துக்குள் நெருக்கி நிறுத்தி, இசைத்தூணை நாணயத்தால் டங் டங்கென்று தட்டிக் காட்டினார். எல்லாரும் கை தட்டினார்கள். தெய்வச் செயல் என்று சொல்லிவிட்டு அடுத்த இடத்துக்கு ஓட்டிக்கொண்டு போனார். எனக்கு அந்த அடி என் மேல் விழுந்த மாதிரி இருந்தது. ஒரே கல்லில் பல சிறு தூண்களைக் குடைந்து, ஒவ்வொன்றின் பருமனையும் நீளத்தையும் மாற்றி மாற்றி, தட்டிக் கேட்டுத் தட்டிக் கேட்டு எடுத்த வேலை அது. ஒரு கொத்து கூடுதலாக விழுந்தால் சுருதி போய்விடும், சரி செய்யவே முடியாது. அதைச் செய்த ஆளைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. பேரன் கேட்டான், “தாத்தா, அந்த மாமா சொன்னது உண்மையா?” நான் அவனுக்குச் சொன்னேன். அந்த எழுபது பேருக்கு யார் சொன்னார்கள்?

நம் மாவட்டத்தில் காட்ட ஏதும் இல்லாமல் இல்லை. சிதறால் மலையை எடுத்துக்கொள்ளுங்கள். மார்த்தாண்டத்திலிருந்து பக்கம்தான். பாறை முகத்தில் சமணத் தீர்த்தங்கரர்கள் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள், பக்கத்திலேயே அம்பிகை. ஆய் அரசன் விக்கிரமாதித்த வரகுணனின் 28ஆம் ஆட்சியாண்டில், குணந்தாங்கிக் குரத்தி என்ற பெண் துறவி இங்குள்ள தேவிக்குப் பொன் அணிகலன் கொடுத்ததை வட்டெழுத்தில் வெட்டி வைத்திருக்கிறார்கள். ஆயிரத்து நூறு வருடத்துக்கு முன் ஒரு பெண் ஆசிரியர், நம் மண்ணில், பெயரோடு. மலை ஏறி வருகிறவர்கள் அந்தப் பாறையில் சாய்ந்து உட்கார்ந்து காற்று வாங்கிவிட்டு இறங்குகிறார்கள். அவர்களைக் குறை சொல்லி என்ன செய்ய? எழுத்து எங்கே இருக்கிறது என்று யாராவது காட்டினால்தானே பார்ப்பார்கள்?

திருநந்திக்கரைக் குடைவரை அப்படித்தான். உதயகிரிக் கோட்டையில் டிலனாய் கல்லறை. 1741இல் குளச்சல் போரில் பிடிபட்ட டச்சுக் கம்பெனிப் படைக்காரர், பிறகு மார்த்தாண்ட வர்மாவின் படைக்கே தளபதியாகி, 1777இல் இறந்து அங்கேயே அடக்கமானார். அந்தக் கல்லில் லத்தீனும் தமிழும் சேர்ந்து வெட்டப்பட்டிருக்கிறது. ரோமில் லத்தீன் கல்வெட்டுகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கோட்டை இருக்கும் புலியூர்க்குறிச்சிதான் நினைவுக்கு வந்தது. நாகர்கோவில் நாகராஜா கோயில் தூண்களில் மகாவீரரும் பார்சுவநாதரும் இருக்கிறார்கள். ஊர்க்காரர்களிலேயே பலர் பார்த்ததில்லை. பத்மநாபபுரம் அரண்மனையைக் கேரளத் தொல்லியல் துறை நன்றாக வைத்திருக்கிறது. தலைநகர் 1795இல் திருவனந்தபுரத்துக்குப் போன பிறகும் அந்த மரவேலை இன்றைக்கும் நிற்கிறது. ஒரு தச்சர் பத்துப் பேரைக் கூட்டிப் போய் அந்தப் பூமுக மண்டபக் கூரையை மட்டும் அரை மணி நேரம் காட்டினால் எப்படி இருக்கும்!

மாத்தூர் தொட்டிப் பாலத்தையும் விடக் கூடாது. ரோமானியர் வளைவுகள் மேல் தண்ணீர் கொண்டுவந்ததைப் பார்க்க உலகமே போகிறது. காமராசர் காலத்துத் திட்டத்தில் 28 தூண்கள் மேல், 115 அடி உயரத்தில், பரளியாற்றைத் தாண்டித் தண்ணீர் போகிற தொட்டி நம்மிடம் இருக்கிறது. விளவங்கோடு, கல்குளம் வயல்களுக்குப் போன தண்ணீர். பாலத்தின் மேல் நடந்து போகிற பிள்ளைகளுக்கு, பக்கத்துத் தொட்டியில் தண்ணீர் ஏன் இந்த உயரத்தில் போகிறது, எங்கிருந்து எங்கே போகிறது என்று சொல்ல ஒரு ஆள் வேண்டாமா? கட்டிய காலத்தில் அங்கே கல்லும் மண்ணும் சுமந்தவர்களில் சிலராவது அந்த ஊர்களில் இன்னும் இருப்பார்கள். அவர்கள் இருக்கும்போதே கேட்டு எழுதி வைக்க வேண்டும்.

ஆள் இல்லை என்று சொல்ல முடியாது. 2011 கணக்கெடுப்பில் எழுத்தறிவில் தமிழ்நாட்டிலேயே முதலிடம் நம் மாவட்டம். வரலாறும் தமிழும் படித்துவிட்டு வளைகுடா விசாவுக்குக் காத்திருக்கும் பிள்ளைகள் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். மலையாளமும் சேர்ந்து பேசத் தெரிந்தவர்கள். ஒன்றிய சுற்றுலா அமைச்சகம் வழிகாட்டிகளுக்கு இணையவழியில் ஒரு சான்றிதழ்ப் பயிற்சி நடத்துகிறது. அது ஒரு தொடக்கம். அதற்கு மேல் மாவட்ட நிர்வாகம் நம் கல்லூரிகளோடு சேர்ந்து, இந்த மண்ணின் கல்வெட்டு, கோயில், கோட்டை, நீர்ப்பாசனம் பற்றித் தனியாகப் பாடம் வைத்து, தேர்வு வைத்து, அட்டை கொடுக்க வேண்டும். அந்தத் தேர்வில் ஒரு கல்தச்சரும் ஒரு மரத்தச்சரும் உட்கார்ந்து கேள்வி கேட்க வேண்டும் என்பது என் ஆசை.

குழு பதினைந்துக்கு மேல் போகக் கூடாது. சிதறால் போன்ற இடத்தில் வெயிலுக்கு முன், காலை ஏழு மணிக்கே தொடங்கிவிட வேண்டும். போகும் வழியில் குடிதண்ணீர் வேண்டும். பெண்களுக்கும் முதியவர்களுக்கும் கழிப்பறை வேண்டும், அது பூட்டாமல் இருக்க வேண்டும். கட்டணம் வைத்தால் ஏழைப் பிள்ளைகள் வர மாட்டார்கள் என்று சிலர் சொல்வார்கள். நியாயமான பயம்தான். ரோமில் அந்த இடிபாடுகளுக்கு 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு நுழைவுக் கட்டணம் கிடையாது. மாதத்தின் முதல் ஞாயிறு எல்லாருக்கும் இலவசம். இங்கேயும் அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்கு வாரத்தில் ஒரு நாளை ஒதுக்கி, வழிகாட்டியின் சம்பளத்தை நிர்வாகமே கொடுக்கட்டும். மற்றவர்களிடம் வாங்குகிற கட்டணம் வழிகாட்டியின் கைக்கு முழுசாகப் போய்ச் சேர வேண்டும். டிப்ஸை நம்பி நிற்கிறவர் கூட்டத்தைச் சிரிக்க வைக்கத்தான் பார்ப்பார்.

என் மனைவிக்குக் கல் என்றால் பெரிய ஈடுபாடு இல்லை. வாழ்நாள் முழுக்க என் சட்டையிலிருந்து கல்பொடி தட்டியவள். அவள் ரோமிலிருந்து திரும்பிய பிறகு ஒரு நாள் பட்டறைக்கு வந்து, முடிக்காத ஒரு தூணின் பின்பக்கத்தைப் பார்த்து, “இது சுவரோட சேர்ற பக்கமா?” என்று கேட்டாள். இத்தனை வருடத்தில் என் வேலையைப் பற்றி அவள் கேட்ட முதல் கேள்வி அது.

மாவட்ட நிர்வாகமோ கல்லூரிகளோ இப்படி ஒரு முயற்சியைத் தொடங்கினால் என் பங்குக்கு நான் தயார். ஞாயிற்றுக்கிழமைகளில் மயிலாடியில் என் பட்டறைக்குக் குழுக்களை அழைத்து வரலாம். கல்லை எப்படித் தட்டிப் பார்த்துத் தேர்ந்தெடுக்கிறோம், ஆப்பு வைத்து எப்படிப் பிளக்கிறோம், எந்த உளி எந்தத் தடம் விடும் என்று காட்டுகிறேன். விரும்புகிறவர்கள் கையில் உளி கொடுத்து நாலு கொத்து கொத்தவும் சொல்லுவேன். கூலி வேண்டாம். பதினைந்து பேருக்கு மேல் மட்டும் வேண்டாம், கொட்டகையில் அதற்கு மேல் நிற்க இடம் இல்லை. பிள்ளைகளுக்கு முகக்கவசம் கொண்டு வாருங்கள், பொடி பறக்கும்.

இப்படிக்கு,
ஒரு கல்தச்சர்,
மயிலாடி,
கன்னியாகுமரி மாவட்டம்.